ஸ்கேனுக்கு முன் முழங்காலைத் தொட்டுப் பாருங்க, டாக்டர்!

ஷட்டில் ஆடும்போது சட்டென்று திரும்புகிறீர்கள். முழங்காலில் ஏதோ 'டக்' என்று நழுவுகிறது. கீழே விழுந்து காலை நீட்டியதும் அது தானாகவே பழைய இடத்துக்குப் போய்விடுகிறது. கொஞ்ச நேரத்தில் முட்டி வீங்கிவிடுகிறது. மருத்துவமனைக்குப் போனால் எக்ஸ்-ரேயில் எலும்பு முறிவு இல்லை. "ஜவ்வு கிழிஞ்சிருக்கும், எம்.ஆர்.ஐ. எடுத்துட்டு வாங்க" என்று சீட்டு கைக்கு வருகிறது. இதற்கிடையில் யாருமே உங்கள் முழங்காலைத் தொட்டுப் பார்க்கவில்லை என்றால், அது சரியில்லை.

நழுவியது முழங்கால் சில்லாக இருக்கலாம். தொடை எலும்பின் கீழ்முனையில் உள்ள பள்ளத்தில் மேலும் கீழும் ஓட வேண்டிய சில்லு, வெளிப்பக்கமாக விலகிவிடும். பதின்ம வயதினரிடமும் இளைஞர்களிடமும் இது அதிகம். பாதம் தரையில் ஊன்றியிருக்க, உடல் மட்டும் திரும்பும்போது இது நடக்கிறது. ஏசிஎல் ஜவ்வு கிழிவதும் பெரும்பாலும் இப்படித்தான். எனவே இரண்டையும் குழப்பிக்கொள்வது எளிது.

கை கண்டுபிடிப்பது என்ன?

எம்.ஆர்.ஐ. என்பது அசையாமல் படுத்திருக்கும் காலின் படம். சில்லு நழுவுவதோ கால் அசையும்போது. அதனால்தான் கையால் செய்யும் பரிசோதனை முக்கியம்.

முதலில், கட்டில் விளிம்பில் உட்கார்ந்து காலை மெதுவாக நீட்டச் சொல்வார்கள். கால் முழுதாக நீளும் கடைசி நேரத்தில் சில்லு வெளிப்பக்கம் துள்ளினால், அது போகும் பாதை தலைகீழ் 'ஜே' எழுத்து போல இருக்கும். இதற்குப் பெயரே 'ஜே சைன்'.

அடுத்து, சில்லை நெடுக்காக நான்கு பாகங்களாகப் பிரித்ததாக வைத்துக்கொண்டு வெளிப்பக்கம் தள்ளிப் பார்ப்பார்கள். மூன்று பாகம் அல்லது அதற்கு மேல் நகர்ந்தால், உள்பக்கம் இழுத்துப் பிடிக்கும் ஜவ்வு தளர்ந்திருக்கலாம். இன்னொரு காலையும் ஒப்பிட்டுப் பார்ப்பது அவசியம்.

மூன்றாவது, 1937-ல் ஃபேர்பேங்க் என்ற மருத்துவர் பதிவுசெய்த சோதனை. முழங்காலைச் சுமார் 30 டிகிரி மடக்கி, சில்லை மெல்ல வெளியே தள்ளுவார்கள். நோயாளி பதறி, தொடையை இறுக்கி, "வேணாம் டாக்டர், நழுவப் போகுது" என்று கையைப் பிடித்துவிட்டால் அதுதான் விடை. வலியைவிட அந்தப் பயமே இங்கே முக்கியமான அறிகுறி. எந்த ஸ்கேனும் அதைப் படம்பிடிக்காது.

உடல் மூட்டுகளே பொதுவாகத் தளர்வானவையா என்பதையும் விரல், முழங்கை, முழங்கால், முதுகு ஆகியவற்றை வளைத்துப் பார்த்து 9 மதிப்பெண் அளவையில் கணிப்பார்கள்.

அப்போ ஸ்கேன் வேண்டாமா?

வேண்டும். குருத்தெலும்புத் துண்டு ஏதாவது உடைந்து மூட்டுக்குள் கிடக்கிறதா என்பதை எம்.ஆர்.ஐ.தான் சொல்லும். புதிதாக அடிபட்டு வீங்கிய காலில் எல்லாச் சோதனைகளையும் செய்யவும் முடியாது. வீக்கம் குறைந்ததும் மறுபடி பார்க்க வேண்டும். பரிசோதனை முடிவு மருத்துவரின் அனுபவத்தைப் பொறுத்தது என்பதும் உண்மை. புறநோயாளிப் பிரிவில் வரிசை நீளம், நேரம் குறைவு என்பதும் புரிகிறது. ஆனாலும் எதைத் தேடுகிறோம் என்று தெரிந்துகொண்டு ஸ்கேன் எடுப்பது வேறு, ஸ்கேனே எல்லாவற்றையும் சொல்லிவிடும் என்று விட்டுவிடுவது வேறு.

தவறவிட்டால் விலை அதிகம். முதல் முறை நழுவியதும் கண்டுபிடித்தால், துண்டு எதுவும் உடையாத பலருக்குத் தொடை, இடுப்புத் தசைகளை வலுவாக்கும் பிசியோதெரபியிலிருந்தே சிகிச்சையைத் தொடங்கலாம். கவனிக்காமல் விட்டால் மறுபடி நழுவலாம். ஒவ்வொரு முறையும் குருத்தெலும்பு சேதமாகலாம். நன்றாக ஆடிக்கொண்டிருந்தவர் படி இறங்கவே பயப்படும் நிலை வரும்.

அடுத்த முறை டாக்டரிடம் போகும்போது, முட்டிக்கு மேல் ஏற்றிக்கொள்ள வசதியான உடையில் போங்கள். "வலிக்குது" என்பதோடு நிறுத்தாமல், "நழுவின மாதிரி இருந்துச்சு" என்று சொல்லுங்கள். சீட்டு எழுதும் முன், "ரெண்டு காலையும் ஒருமுறை பார்த்துடுங்க டாக்டர்" என்று தயங்காமல் கேளுங்கள். இந்தச் சோதனைகளை வீட்டில் நீங்களே செய்து பார்க்க வேண்டாம். கேட்பது உங்கள் உரிமை. சில நிமிடங்கள் செலவழித்துப் பார்ப்பது அவர்கள் கடமை.