இடாப்பில் பேர் இருக்கிறதா?

2024 செப்டம்பர் 21, சனிக்கிழமை. சனாதிபதித் தேர்தல் நாள். ஹட்டன் நகரில் உள்ள எங்கள் கடையின் ஒரு பலகைக் கதவை மட்டும் திறந்து வைத்துவிட்டு வாப்பா, உம்மா, நானா மூவரும் வாக்களிக்கப் போயிருந்தார்கள். நான் கடையைப் பார்த்துக்கொண்டிருந்தேன். எனக்கு முந்திய வருடமே பதினெட்டு வயது நிறைந்திருந்தது. அடையாள அட்டையும் கையில் இருந்தது. ஆனால் வாக்காளர் இடாப்பில் என் பேர் இல்லை.

காரணம் பெரிதாக ஒன்றுமில்லை. வீட்டில் உள்ளவர்களின் விபரம் கேட்கப்பட்டபோது வாப்பா நானாவின் பேரைக் கொடுத்தார். என் பேரைக் கொடுக்க மறந்துவிட்டார். "நீ ஹொஸ்டல்ல இருந்தாய் மகள், நெனவு வரல்ல" என்றார். அவர் பொய் சொல்லவில்லை. ஆனால் நானாவும் அப்போது கொழும்பில்தான் வேலை செய்துகொண்டிருந்தார். அவர் பேர் நினைவுக்கு வந்தது.

பகல் பத்து மணியளவில் ஒரு தோட்டத்து அக்கா கடைக்கு வந்தார். எங்களிடம் பல வருடங்களாகக் கொப்பியில் எழுதிச் சாமான் வாங்குபவர். அன்று நல்ல சேலை உடுத்தி, தலைவாரிப் பூ வைத்து வந்திருந்தார். இடது கைச் சின்ன விரலில் மை.

"ஓட்டுப் போட்டாச்சா தங்கச்சி?"

"எனக்குப் பேர் இல்ல அக்கா."

அவர் என்னை ஒரு மாதிரிப் பார்த்தார். "எங்களுக்குத்தான் அந்தக் காலத்துல பேர் இல்ல, பேர் இல்லன்னு சொல்லுவாங்க. டவுன்ல கடை வச்சிருக்கிற ஒங்களுக்குமா?" என்று சிரித்தார். எனக்குச் சிரிப்பு வரவில்லை.

தோட்டத்தில் 'பேர்' என்ற சொல்லுக்குக் கூடுதலாக ஒரு பொருள் உண்டு. குறித்த நிறைக்குக் கொழுந்து எடுத்தால் ஒரு பேர். நிறை குறைந்தால் அரைப் பேர். செக்ரோலில் பேர் விழாத நாளுக்குச் சம்பளம் இல்லை. எவ்வளவு பாடுபட்டாலும் ஏட்டில் ஏறாதது கணக்கில் வராது என்பதை அந்த மக்களுக்கு யாரும் படிப்பிக்கத் தேவையில்லை. வாக்கும் அப்படியான ஒன்றுதான். தேர்தல் என்றதும் நமக்கு மேடையும் சுவரொட்டியும் முடிவுகள் வரும் இரவும் ஞாபகம் வருகின்றன. ஆனால் ஒருவர் வாக்களிப்பாரா இல்லையா என்பது பெரும்பாலும் அதற்குப் பல மாதங்களுக்கு முன்பே, பேர் எழுதும் இடத்திலேயே தீர்ந்துவிடுகிறது. இதுதான் என் அபிப்பிராயம்.

இதற்கு மலையகத்தை விடப் பெரிய சாட்சி வேறில்லை. 1931இல் டொனமூர் அரசியல் திட்டம் 21 வயதான ஆண்கள், பெண்கள் எல்லோருக்கும் வாக்குரிமை என்றது. தோட்டத் தொழிலாளர்களுக்கு மட்டும் நிரந்தர வதிவைக் காட்ட வேண்டும் என்ற நிபந்தனைகள் இருந்தன. அப்படியிருந்தும் 1936இல் கோ. நடேசய்யர் ஹட்டன் தொகுதியிலிருந்து அரசாங்க சபைக்குத் தெரிவானார். 1947 பொதுத் தேர்தலில் இலங்கை இந்தியர் காங்கிரஸ் 7 ஆசனங்களை வென்றது. நுவரெலியாவில் சௌ. தொண்டமானும் தலவாக்கலையில் சி. வி. வேலுப்பிள்ளையும் அப்போது தெரிவானவர்கள். அடுத்த வருடமே 1948ஆம் ஆண்டின் 18ஆம் இலக்கப் பிரஜாவுரிமைச் சட்டம் வந்தது. 1949இல் இந்திய, பாகிஸ்தானிய வதிவாளர்களுக்கான சட்டமும் தேர்தல் திருத்தச் சட்டமும் வந்தன. 1952 தேர்தலில் அந்த மக்களுக்கு ஓர் ஆசனமும் கிடைக்கவில்லை. வாக்குப் பெட்டியை எவரும் உடைக்கவில்லை. ஏட்டிலிருந்து பேரை எடுத்தார்கள், அவ்வளவுதான்.

'இந்திய, பாகிஸ்தானிய வதிவாளர்' என்ற அந்தச் சொல்லுக்குள் எங்கள் குடும்பமும் இருந்தது. வாப்பாவின் பாட்டனார் இராமநாதபுரம் பக்கத்திலிருந்து வந்து, லயம் லயமாகப் புடவை விற்றவர். மணமானவர் 7 வருடம், மணமாகாதவர் 10 வருடம் தொடர்ந்து இங்கே வசித்ததை நிரூபிக்க வேண்டும் என்றது சட்டம். தலைச்சுமையாகப் புடவை கொண்டு திரிந்தவரிடம் என்ன தஸ்தாவேஜு இருக்கும்? கடைசிவரை அவர் பேர் எந்த இடாப்பிலும் ஏறவில்லை என்று வாப்பா பல தடவை கவலையோடு சொல்லியிருக்கிறார். அந்த வாப்பாதான் என் பேரை மறந்தார்.

"பேர் இருந்து என்ன கிழித்தோம்? யார் வந்தாலும் லயம் லயமாகத்தானே கிடக்கிறது" என்று கேட்பவர்கள் உண்டு. நியாயமான கோபம். ஆனால் பேர் இல்லாதபோது என்ன நடந்தது என்பதையும் பார்க்க வேண்டும். 1964இல் சிறிமா–சாஸ்திரி ஒப்பந்தம் 9,75,000 மக்களின் தலைவிதியைத் தீர்மானித்தது. 5,25,000 பேர் இந்தியாவுக்கு, 3,00,000 பேர் இலங்கைக்கு, மிச்சம் 1,50,000 பேரைப் பிறகு பார்ப்போம் என்றார்கள். பத்து வருடம் கழித்து அந்த மிச்சத்தையும் ஆளுக்குப் பாதியாகப் பிரித்துக்கொண்டார்கள். யாரைப் பற்றி அந்தக் கணக்குப் போடப்பட்டதோ அவர்களை எவரும் கேட்கவில்லை. கேட்கவேண்டிய அவசியமும் இருக்கவில்லை. வாக்கில்லாதவனின் கோபத்துக்கு எந்த அரசாங்கமும் பயப்படுவதில்லை.

பேர் திரும்பி வந்ததும் மெதுவாகத்தான். 1977இல் நுவரெலியா–மஸ்கெலியா தொகுதியின் மூன்றாவது உறுப்பினராகத் தொண்டமான் மீண்டும் நாடாளுமன்றம் போனார். 1986, 1988ஆம் ஆண்டுச் சட்டங்கள் வந்தன. கடைசியாக எஞ்சியவர்களுக்கு 2003ஆம் ஆண்டின் 35ஆம் இலக்கச் சட்டம் வழிவிட்டது. அதன் பிறகு கண்ட மாற்றங்களையும் சொல்ல வேண்டும். தோட்டங்களுக்குள் பிரதேச சபைகள் தாராளமாகப் பணம் செலவழிக்க முடியாதபடி தடுத்துக்கொண்டிருந்த 33ஆம் பிரிவு 2018இல் திருத்தப்பட்டது. பிரமாண்டமாகக் கிடந்த நுவரெலியா, அம்பகமுவ பிரதேச சபைகள் பிரிக்கப்பட்டு கொட்டகலை, அக்கரப்பத்தனை, நோர்வூட், மஸ்கெலியா என்று மக்களுக்குக் கிட்டிய சபைகள் உருவாயின. 2024 நவம்பரில் நுவரெலியாவிலிருந்து கிருஷ்ணன் கலைச்செல்வியும் பதுளையிலிருந்து அம்பிகா சாமுவேலும் நாடாளுமன்றம் சென்றபோது, மலையகத் தமிழ்ப் பெண்கள் முதன்முதலாக அங்கே அமர்ந்தார்கள். போதுமா என்றால் போதாது. ஆனால் இவற்றில் ஒன்றுகூட வாக்கில்லாத மக்களுக்குக் கிடைத்திருக்காது.

சரி, பேர் எப்படி ஏறுகிறது? தேர்தல்கள் ஆணைக்குழு வருடாவருடம் இடாப்பைத் திருத்துகிறது. அந்தந்தப் பிரிவில் விபரம் சேகரிப்பவர் கிராம உத்தியோகத்தர். வீட்டுத் தலைவர் கொடுக்கும் விபரமே அதற்கு அடிப்படை. பிறகு பட்டியலை மக்கள் பார்வைக்கு வைக்கிறார்கள். விடுபட்டவர் அப்போது உரிமை கோரலாம். அந்தக் காலம் கடந்து இடாப்பு அத்தாட்சிப்படுத்தப்பட்டுவிட்டால், தேர்தல் நாளில் வாக்களிப்பு நிலையத்தில் நின்று அழுதாலும் பயனில்லை. இன்னொன்றையும் பலர் அறிவதில்லை. வாக்காளர் அட்டை வீட்டுக்கு வராவிட்டாலும் இடாப்பில் பேரும் கையில் அடையாள அட்டையும் இருந்தால் வாக்களிக்கலாம். அட்டை வரவில்லை என்று வீட்டில் இருந்துவிடுபவர்கள் எங்கள் ஊரிலேயே உண்டு.

நகரத்தில் இருக்கும் எனக்கே இப்படியென்றால் லயத்தில் எப்படியிருக்கும் என்று அந்த அக்காவிடம் பிறகொரு நாள் கேட்டேன். அவர் சொன்னதில் பல விடயங்கள் நான் நினைத்தே பார்க்காதவை. பல லயங்களுக்குத் தனித்தனி வீட்டு இலக்கம் இல்லை. கடிதங்கள் தோட்டத்து ஆபீசுக்கு வந்து கிடக்கும். பிறப்புச் சான்றிதழில் ஒரு பேர், பள்ளிக்கூடத்தில் ஒரு பேர், அடையாள அட்டையில் சிங்களத்தில் எழுதியபோது இன்னொரு பேர். ஒரு கிராம உத்தியோகத்தர் பல தோட்டங்களைப் பார்க்க வேண்டியிருக்கும். சில இடங்களில் அவருக்குத் தமிழ் தெரியாது. மேல் டிவிஷனில் இருப்பவர் பேர் பதிய ஒரு நாள் இறங்கி வந்தால் அன்றைய பேர் செக்ரோலில் போய்விடும். ஒரு பேருக்காக இன்னொரு பேரை இழக்க வேண்டும்.

அடுத்தது, ஊரில் இல்லாதவர்கள். இன்று தோட்டத்துப் பிள்ளைகளில் எத்தனையோ பேர் கொழும்பில் கடைகளிலும் ஆடைத் தொழிற்சாலைகளிலும் வீடுகளிலும் வேலை செய்கிறார்கள். பேர் லயத்து விலாசத்தில், ஆள் கொழும்பில். அரச ஊழியர்களுக்குத் தபால் மூல வாக்களிப்பு உண்டு; இவர்களுக்கு இல்லை. வாக்களிக்கச் சம்பளத்துடன் விடுமுறை கொடுக்க வேண்டும் என்று விதி இருக்கிறது. 40 கிலோமீற்றர் வரை அரை நாள், 100 வரை ஒரு நாள், 150 வரை ஒன்றரை நாள், அதற்கு மேல் இரண்டு நாள். ஆனால் ஒரு வீட்டில் சமைத்துத் துவைக்கும் பிள்ளை எந்த முகாமையாளரிடம் போய் இந்த விதியைக் காட்டும்? செப்டம்பர் 21 சனிக்கிழமை. நவம்பர் 14 பொதுத் தேர்தல் வியாழக்கிழமை. நாடு முழுவதும் வாக்களித்தோர் வீதம் 79.46இலிருந்து 68.93 ஆக இறங்கியது. அலுப்பு, நம்பிக்கையின்மை என்று பல காரணம் சொல்லலாம். பஸ் காசும் விடுமுறையும் அவற்றில் சேரும் என்றே நான் நினைக்கிறேன். ஊருக்கு வர முடியாதவர்கள் முற்கூட்டியே வாக்களிக்க ஒரு வழியை அரசு செய்துகொடுக்கத்தான் வேண்டும்.

வந்து போட்டாலும் அது எண்ணப்பட வேண்டுமே. சனாதிபதித் தேர்தலில் 1, 2, 3 என்று எழுதலாம். பொதுத் தேர்தலில் கட்சிக்கு ஒரு புள்ளடி போட்டு, பிறகு அதே கட்சியில் மூவருக்கு மேற்படாமல் விருப்பு இலக்கங்களுக்குப் புள்ளடி போட வேண்டும். உள்ளூராட்சித் தேர்தலில் ஒரேயொரு புள்ளடி. 2024 செப்டம்பருக்கும் 2025 மேக்கும் இடையில் இந்த மூன்று முறைகளையும் மக்கள் சந்தித்தார்கள். சனாதிபதித் தேர்தலில் நிராகரிக்கப்பட்ட வாக்குகள் 3,00,300. பொதுத் தேர்தலில் 6,67,240. அத்தனை பேரும் வரிசையில் நின்று, மை பூசி, வீடு திரும்பியவர்கள். அவர்களில் பெரும்பாலோருக்குத் தம் வாக்கு செல்லாமல் போனதே தெரியாது.

முன்பெல்லாம் இந்த வேலைகளைத் தொழிற்சங்கங்கள் செய்தன. தோட்டத் தலைவர் பேர் எழுதுவித்தார், அடையாள அட்டைக்கு அலைந்தார், புள்ளடி போடப் பழக்கினார். எங்கே போடுவதென்றும் அவரே சொன்னார். இன்று இளையவர்கள் தாங்களே யோசித்துப் போடுகிறார்கள். அது நல்லதுதான். ஆனால் சங்கத்தின் பிடி தளர்ந்தபோது அது செய்துவந்த எழுத்து வேலையும் தளர்ந்துவிட்டது. அந்த இடத்தை யார் நிரப்புவது?

நாம்தான் நிரப்ப வேண்டும் என்கிறேன். இந்தக் கல்லூரியில் உயர்தரம் படிக்கும் ஒவ்வொருவரும் ஒரு படிவத்தை வாசித்து நிரப்பக் கூடியவர்கள். பலருக்குச் சிங்களமும் தெரியும். ஹட்டன், தலவாக்கலை, நுவரெலியாப் பக்கத்திலிருந்து வரும் பிள்ளைகளின் கடைவாசலுக்கு வராத தோட்டத்து மனிதர்கள் இல்லை. இடாப்புத் திருத்தும் காலத்தில் "உங்கள் வீட்டில் எல்லோருக்கும் பேர் இருக்கிறதா?" என்று கேட்பதற்குக் கட்சியும் கொடியும் தேவையில்லை. ஆணைக்குழுவின் இணையத்தளத்தில் பேரைப் பார்த்துச் சொல்ல ஒரு கைபேசி போதும். யாருக்குப் போடுவது என்பதில் மட்டும் நாம் வாய் திறக்கக் கூடாது. அது அவர்களுடைய அமானிதம்.

பெற்றோருக்கும் ஒரு வார்த்தை. 1949இல், மலையக மக்கள் வாக்கை இழந்த அதே வருடம், கேரளத்திலிருந்து இங்கே வந்து கொழும்பு முஸ்லிம் மகளிர் கல்லூரியை நடத்திய ஆயிஷா ரவூப் கொழும்பு மாநகர சபைக்குத் தெரிவானார். பின்னர் பிரதி மேயருமானார். இன்று உள்ளூராட்சி சபைகளில் பெண்களுக்கு 25 சதவீதம் ஒதுக்கியிருக்கிறார்கள். மகள் சபையில் அமர்வது இருக்கட்டும், முதலில் அவள் பேரை எழுதுங்கள். ஹொஸ்டலில் இருக்கிறாள், நாளை கலியாணம் முடித்துப் போய்விடுவாள் என்று விட்டுவிடாதீர்கள். போகிற வீட்டிலும் இதையே சொல்லி மறந்துவிட்டால் அவள் எந்த ஊரில் பிரஜை?

தவறு முழுவதும் வாப்பாவுடையது என்று நான் சொல்ல மாட்டேன். வகுப்பில் டீச்சர் இடாப்புக் கூப்பிடும்போது பேர் தவறிப்போனால் உடனே எழும்பி, "டீச்சர், என்னைக் கூப்பிடல்ல" என்று சொல்லப் பழகியவள் நான். வீட்டில் கேட்கவில்லை. பட்டியலைப் போய்ப் பார்க்கவும் இல்லை. யாராவது பார்த்துக்கொள்வார்கள் என்று இருந்துவிட்டேன்.

இந்த முறை விபரம் கேட்டபோது வாப்பா என்னைக் கூப்பிட்டுப் படிவத்தைக் கையில் தந்தார். எல்லோர் பேரையும் நானே எழுதினேன். மறுநாள் கடைக்கு வந்த அக்கா, தன் மகளின் அடையாள அட்டையைச் சேலைத் தலைப்பில் முடிந்து கொண்டுவந்திருந்தார். அவருடைய படிவத்தையும் சேர்ந்து நிரப்பினோம்.