நாக்கின் சுற்றுலா: ஷாங்காய்க் காலை உணவு நடைகளை முன்வைத்துச் சில மறுப்புகள்

ஒரு நகரத்தை நாக்கினால் அறிந்துவிடலாம் என்னும் நம்பிக்கை இன்று பண்பாட்டுப் பயணம் என்ற பெயரில் விற்பனைக்கு வந்திருக்கிறது. சீனத்தின் ஷாங்காய் நகரில் அந்நம்பிக்கைக்கு நேரமும் கட்டணமும் குறிக்கப்பட்டுள்ளன. காலை எட்டு மணியளவில் சுரங்க ரயில் நிலைய வாயிலொன்றில் எட்டுப் பத்துப் பேர் கூடுகிறார்கள். வழிகாட்டி முன்னே செல்ல, ஐந்தாறு கடைகளில் நின்று உண்டபடி மூன்று மணி நேரம் நடக்கிறார்கள். கடைசியில் மரநிழல் விழும் தெருவிலுள்ள காப்பிக் கடைக்குள் நுழைந்து நடையை முடித்துக்கொள்கிறார்கள். 'உள்ளூர்வாசியைப் போல உண்ணுங்கள்' என்பதே அழைப்பு வாசகம்.

நாமும் அப்படியொரு நடையில் சென்றோம். உணவு நன்றாக இருந்தது. வழிகாட்டியும் படித்தவர், பண்பானவர். எனவே நமது மறுப்பு உணவின் மீதானதன்று, தனிமனிதர் மீதானதுமன்று. அந்நடை ஒரு நகரத்தைப் பற்றி என்ன சொல்கிறது, எதைச் சொல்லாமல் விடுகிறது என்பதே நம் கேள்வி. இவ்வாறு நடந்து திரும்பும் தமிழ் எழுத்தாளர்கள் சிலர் அதே சொற்களைப் பயணக் கட்டுரைகளாக நமக்குப் பரிமாறத் தொடங்கிவிட்டார்கள். ஆகவே இக்கேள்வி சுற்றுலாத் தொழிலோடு நின்றுவிடுவதில்லை. இலக்கியத்தை நோக்கியும் கேட்கப்பட வேண்டியதாகிறது.

ஷாங்காயின் காலை உணவில் நான்கு பண்டங்களை 'நான்கு வச்சிரக் காவலர்' என்று அந்நகரத்தார் வேடிக்கையாக அழைப்பதுண்டு. பௌத்தக் கோயில் வாயிலில் நிற்கும் காவல் தெய்வங்களின் பெயர் அது. உருளை அடுப்பின் உட்சுவரில் ஒட்டிச் சுடும் தாபிங் என்னும் ரொட்டி. எண்ணெயில் பொரித்தெடுக்கும் நீண்ட மாவுப் பண்டமான யூத்தியாவ். பசையரிசிச் சோற்றை உருட்டிப் பிடிக்கும் ட்ஸிஃபான். சூடான சோயாப் பால். இவற்றுள் யூத்தியாவுக்கு ஒரு கதை உண்டு. தென் சோங் அரசின் படைத்தலைவர் யுவே ஃபெய் 1142-இல் கொல்லப்பட்டார். அதற்குக் காரணமான அமைச்சர் சின் ஹுயியையும் அவர் மனைவியையும் வெறுத்த மக்கள், அவ்விருவரையும் மாவில் பிடித்து எண்ணெயில் பொரித்தார்களாம். ஒன்றோடொன்று ஒட்டியிருக்கும் இரு மாவுத் துண்டுகள் அவர்களே என்பது ஐதிகம்.

வழிகாட்டி இக்கதையைச் சுவைபடச் சொன்னார். எல்லாரும் சிரித்தார்கள், படமெடுத்தார்கள். எண்ணூறு ஆண்டுகளுக்கு முந்தைய துரோகியின் பெயரைச் சொன்னவர், எதிரே நின்று மாவை இழுத்து எண்ணெயில் விட்டுக்கொண்டிருந்த பெண்ணின் ஊரைச் சொல்லவில்லை. கேட்கவும் யாருக்கும் தோன்றவில்லை. 'இதுதான் அசல் ஷாங்காய்' என்ற ஒரு வாக்கியத்தோடு அடுத்த கடைக்கு நகர்ந்தோம்.

அந்த 'அசல்' என்னும் சொல்லைத்தான் நாம் விசாரணைக்கு எடுத்துக்கொள்கிறோம். 2020-ஆம் ஆண்டின் கணக்கெடுப்பின்படி ஷாங்காயின் மக்கள்தொகை ஏறத்தாழ 2 கோடியே 48 லட்சம். அவர்களில் 1 கோடியே 4 லட்சம் பேருக்கு மேல் பிற மாகாணங்களிலிருந்து வந்தவர்கள். அதாவது பத்தில் நால்வர். அன்ஹுய் மாகாணத்தவரே அவர்களுள் மிகுதி. நகரின் காலை அடுப்புகளில் பெரும்பகுதியை இவர்கள்தாம் மூட்டுகிறார்கள். நடையில் 'நகரத்தின் சுவை' என்று நீட்டப்படும் ஜியான்பிங் என்னும் முட்டைத் தோசைகூட வடசீனத்திலிருந்து வந்ததேயாகும்.

வந்தவர்கள் சமைப்பதில் குற்றமென்ன என்று கேட்கலாம். குற்றமேதுமில்லை. ஆனால் 1958-இல் சட்டமாக்கப்பட்ட ஹுகோவ் என்னும் குடிப்பதிவு முறை இன்றும் உயிரோடிருக்கிறது. ஒருவர் இருபதாண்டுகள் ஷாங்காயில் அடுப்பெரித்தாலும் அவருடைய பதிவு பிறந்த ஊரிலேயே இருக்கக்கூடும். விதிகள் பலமுறை தளர்த்தப்பட்டுள்ளன. கல்வித்தகுதியும் வருமானமும் உடையோர்க்குப் புள்ளி முறையில் வழி திறக்கப்பட்டிருக்கிறது. மாவு பிசைபவர் அப்புள்ளிகளை எட்டுவது அரிது. அவர் குழந்தை ஷாங்காயில் வளர்ந்தாலும், பல்கலைக்கழக நுழைவுத்தேர்வு எழுதுவதற்குப் பொதுவாகச் சொந்த மாகாணத்துக்கே திரும்ப வேண்டும். எந்த நகரம் ஒருத்தியைத் தன்னவள் என்று பதிவேட்டில் எழுத மறுக்கிறதோ, அவள் கையால் பொரித்த பண்டமே அந்நகரத்தின் அசல் அடையாளமாக விற்கப்படுகிறது. பண்டத்துக்குக் குடியுரிமை உண்டு. அதைச் செய்த கைக்கு இல்லை. இந்த முரணைச் சொல்லாத எந்த 'அசலும்' விளம்பரமே.

'உள்ளூர்வாசியைப் போல' என்பதும் இவ்வாறே. ஷாங்காய்க்காரர் காலை உணவை மூன்று மணி நேரம் உண்பதில்லை. ஞெகிழிப் பையில் யூத்தியாவும் சோயாப் பாலும் வாங்கி, ரயிலுக்கு நடந்தபடியே விழுங்குகிறார். அது அவசரத்தின் உணவு. வேலை நேரம் வகுத்த உணவு. ஓய்வுள்ளவர்கள் அதை நிதானமாகச் சுவைத்து, அவசரத்தை நீக்கிய பின் எஞ்சுவதற்குப் 'பாரம்பரியம்' என்று பெயரிடுகிறார்கள்.

பாரம்பரியம் என்றால் வரலாறு வேண்டும். சீனத்தில் 1955 முதல் 1993 வரை தானியச் சீட்டு முறை இருந்தது. பணம் மட்டும் இருந்தால் போதாது. மாவுப் பண்டம் வாங்கவும் சீட்டு வேண்டும். ஷாங்காய் நகரம் அரை லியாங் மதிப்புள்ள, அதாவது வெறும் 25 கிராம் தானியத்துக்குரிய, மிகச் சிறிய சீட்டையும் அச்சிட்டது. அது ஒரே ஒரு யூத்தியாவ் வாங்கப் பயன்பட்டது. ஒரு நகரத்தின் சிக்கனமும் பசியும் ஒருசேர அடங்கிய காகிதம் அது. நடையில் அதைப் பற்றி ஒரு சொல் இல்லை.

அவ்வளவு தொலைவுகூடப் போக வேண்டாம். 2022 மார்ச் இறுதி முதல் ஜூன் 1 வரை கொள்ளைநோய்த் தடுப்பின் பெயரால் ஷாங்காய் அடைக்கப்பட்டது. கையில் காசிருந்தும் அரிசிக்கும் காய்கறிக்கும் அலைந்தார்கள் அந்நகரத்தார். அடுக்ககங்களில் கூட்டாகச் சேர்ந்து முட்டையும் பாலும் தருவித்தார்கள். அவற்றைக் கொண்டுவந்த விநியோகத் தொழிலாளர் பலர், குடியிருப்புக்குள் நுழைந்தால் மீண்டும் வெளியேற முடியாது என்பதால், தெருவோரங்களிலும் பாலத்தடியிலும் படுத்துறங்கினார்கள். இத்தனை அண்மையில் பசியைக் கண்ட நகரத்தில் உணவைப் பற்றி மூன்று மணி நேரம் பேசி, அப்பசியை ஒருமுறைகூடக் குறிப்பிடாமல் முடிப்பதற்குப் பெரிய பயிற்சி வேண்டும்.

இனிக் காப்பிக்கு வருவோம். தெருக்கடையில் தொடங்கிக் காப்பிக் கடையில் முடியும் நடையின் ஒழுங்கு தற்செயலானதன்று. முதலில் பழமை, கடைசியில் நவீனம் என்று அது நம்மை அறியாமலே ஒரு கதையாடலை நமக்குள் செலுத்துகிறது. வரலாறு அக்கதைக்கு இசைவதில்லை. நாம் காப்பி அருந்திய தெரு, 1849 முதல் 1943 வரை பிரெஞ்சுக்காரர் ஆளுகையிலிருந்த பகுதியைச் சேர்ந்தது. அத்தெருக்களின் அழகும் மரநிழலும் அயலார் ஆட்சியில் பிறந்தவை. ஷாங்காய்க்குக் காப்பியும் அந்த அயலார் குடியிருப்புகளின் வழியாகவே வந்தது. அது நேற்றைய வரவன்று.

இலக்கிய வாசகர்களுக்கு இங்கே ஒன்றை நினைவூட்ட வேண்டும். 1928-இல் ஷாங்காயில் ஒரு காப்பிக் கடையைப் பற்றிய விளம்பரம், அங்கே சென்றால் லூ சுன் முதலான எழுத்தாளர்களைக் காணலாம் என்று ஆசைகாட்டியது. லூ சுன் 'புரட்சிக் காப்பிக் கடை' என்னும் கட்டுரையில் அதை எள்ளி நகையாடினார். அத்தகைய கடைக்குத் தாம் சென்றதேயில்லை என்று அறிவித்தார். காப்பியோடு சேர்த்துப் பண்பாட்டையும் கோப்பையில் ஊற்றி விற்கும் உத்திக்கு ஏறத்தாழ நூறு வயதாகிறது என்பதற்கு இதுவே சான்று. மறுபுறம், 1929-இல் இடதுசாரி எழுத்தாளர் சங்கத்துக்கான ஆயத்தக் கூட்டங்கள் நடந்ததும் கோங்ஃபெய் என்னும் ஷாங்காய்க் காப்பிக் கடையில்தான். 1930 மார்ச் 2 அன்று அச்சங்கம் தோன்றியது. லூ சுன் அதன் முன்னணியில் நின்றார். காப்பிக் கடை ஒரே காலத்தில் பகட்டின் இடமாகவும் சதியாலோசனையின் இடமாகவும் இருந்திருக்கிறது. இந்தச் சிக்கலான வரலாற்றைக் கைவிட்டு, 'இளைய தலைமுறையின் வாழ்க்கைமுறை' என்று ஒற்றை வரியில் கடப்பது வரலாற்றுக்குச் செய்யும் அவமதிப்பு.

2023-இல் ஷாங்காயின் காப்பிக் கடைகள் 9,000-ஐத் தாண்டிவிட்டன. உலகின் வேறெந்த நகரத்தையும் விட மிகுதி என்று பெருமையோடு சொல்லப்படுகிறது. சொல்லட்டும். அவ்வளவு கோப்பைகளை நிரப்புவோர் யாவர்? 2024 ஜூனில், ஷாங்காய்க் கடையொன்றின் ஊழியர் வாடிக்கையாளர் மீது காப்பித்தூளை வீசிய காணொளி சீனமெங்கும் பரவியது. ஓரிருவர் நின்று நாளொன்றுக்கு நூற்றுக்கணக்கான கோப்பைகள் தயாரிக்க வேண்டிய பணிச்சுமை அதன்பின் விவாதத்துக்கு வந்தது. கொட்டை விளையும் இடமோ இன்னும் தொலைவு. சீனத்தின் காப்பியில் மிகப்பெரும் பங்கு தென்மேற்கிலுள்ள யுன்னான் மலைகளில் விளைகிறது. நடையின் இறுதிக் கோப்பையில் யுன்னானின் 'பழவாசனை' குறித்து நமக்கு விரிவாக விளக்கப்பட்டது. விளைவித்த உழவர் அந்த விளக்கத்தில் இடம்பெறவில்லை.

இவ்விடத்தில் தமிழ் வாசகர் வியப்படைய வேண்டியதில்லை. காப்பி நம்மிடையே நுழைந்தபோது எழுந்த பதற்றங்களையும் அது மத்தியதர வர்க்கத்தின் அடையாளமான வரலாற்றையும் ஆ. இரா. வேங்கடாசலபதியின் 'அந்தக் காலத்தில் காப்பி இல்லை' 2000-ஆம் ஆண்டிலேயே நமக்குக் காட்டியது. ஒரு கோப்பைக்குள் சமூக வரலாற்றைக் காணக் கற்றுக்கொண்ட நாம், ஷாங்காய்க்குச் சென்றதும் நுரையை மட்டும் காண்பது ஏன்?

நம்மை நோக்கி எழக்கூடிய எதிர்வாதங்கள் இரண்டு. முதலாவது: இந்நடைகளால் சிறு கடைகளுக்கு வருமானமும் புகழும் கிடைக்கின்றன, அதனால் அவை பிழைக்கின்றன. வருமானம் கிடைக்கிறது, உண்மை. புகழ் காப்பாற்றுகிறதா? ஷாங்காயில் பல்லாண்டுகள் நடந்த வெங்காயத்தாள் ரொட்டிக் கடையொன்று அயல்நாட்டு ஆவணப்படத்தால் உலகப் புகழ்பெற்றது. 2016-இல், உரிமம் இல்லையென்று அது மூடப்பட்டது. ஊரே பேசியதால் பின்னர் வேறோர் இடத்தில் மீண்டும் திறந்தது. ஊர் பேசாத கடைகளின் நிலை என்ன? 2010 உலகப் பொருட்காட்சியை ஒட்டி, புகழ்பெற்ற வுஜியாங் சாலையின் பழைய தின்பண்டக் கடைகள் அகற்றப்பட்டன. அதற்கடுத்த ஆண்டுகளில், சட்டவிரோதக் கட்டுமானங்களை நீக்குகிறோம் என்று தெருவைப் பார்த்துத் திறந்த எத்தனையோ சிறுகடை வாயில்கள் செங்கல் வைத்து அடைக்கப்பட்டன. சுவையைப் பாராட்டிய நாவுகள் அப்போது எங்கும் பேசவில்லை. வாடகை, உரிமம், இடிப்பு என்னும் மூன்று சொற்களும் இல்லாத உணவு எழுத்து, கடைக்காரருக்கு நண்பனாக இருக்க முடியாது.

இரண்டாவது எதிர்வாதம் கூரியது: உண்ணும்போதும் வர்க்கப் பாடமா? சுவைப்பது பாவமா? இல்லை. இதற்கும் சீன இலக்கியமே விடை வைத்திருக்கிறது. ஷாங்காய்க்கு அருகிலுள்ள சூச்சோவ் நகரில் நிகழும் லூ வென்ஃபுவின் 'உணவுச் சுவைஞர்' என்னும் குறுநாவல் 1983-இல் வெளிவந்தது. அதில் வரும் செல்வர், அன்றைய புதுநீரில் முதலில் வெந்த நூடுல்ஸ்தான் வேண்டுமென்று விடியற்காலையில் ரிக்சாவில் விரைகிறார். அவரை வெறுக்கும் கதைசொல்லி, புரட்சிக்குப் பின் ஓர் உணவகத்தின் நிர்வாகியாகிறார். உயர்சுவைப் பண்டங்களை ஒழித்து மலிவுச் சாப்பாட்டை நிறுவுகிறார். உழைக்கும் மக்களும் அதை விரும்பவில்லை என்று கண்டு திகைக்கிறார். சுவைஞரையும் சுவையை ஒழிக்க வந்தவரையும் ஒரே கண்ணால் பார்த்தவர் லூ வென்ஃபு. நாம் அந்த நிர்வாகியின் பக்கம் நிற்கவில்லை. நல்ல யூத்தியாவ் நல்லதுதான். ஆனால் லூ வென்ஃபு சுவையைப் பற்றி எழுதியபோது ரிக்சாவை மறைக்கவில்லை. பஞ்ச காலத்தை மறைக்கவில்லை. சமைப்பவர், பரிமாறுபவர், பார்த்து ஏங்குபவர் எவரையும் மறைக்கவில்லை. சுவையும் சமூகமும் ஒரே பக்கத்தில் இடம்பெற முடியும் என்பதற்கு அந்நூலே சான்று.

எனவே பயணம் சென்று எழுதும் நண்பர்களிடம் நம் கோரிக்கை எளியது. ஷாங்காய்க்குச் செல்லுங்கள், வயிறார உண்ணுங்கள். எழுதும்போது, உங்களுக்குப் பரிமாறியவர் எந்த ஊரினர், எத்தனை மணிக்கு அடுப்பு மூட்டினார், கடைக்கு என்ன வாடகை கொடுக்கிறார், அவர் பிள்ளை எங்கே படிக்கிறது என்பவற்றைக் கேட்டு எழுதுங்கள். வழிகாட்டிக்கு மொழி தெரியும். கேட்கச் சொன்னால் கேட்பார். பதில் கிடைக்காவிட்டால், கிடைக்கவில்லை என்பதையே எழுதுங்கள். மொறுமொறுப்பையும் நுரையையும் பற்றிய ஐந்து பத்திகளில் ஒன்றைக் குறைத்தால் இதற்கு இடம் கிடைத்துவிடும்.