ரொட்டி கற்பிக்கும் பாடம்

கொத்மலையின் நீர்த்தேக்கத்தையும் தேயிலைச் சரிவுகளையும் கண்டுகளிக்க வரும் வெளிநாட்டார்க்கு இன்று புதியதொரு பொழுதுபோக்கு வாய்த்திருக்கிறது: மலையக அடுப்படியில் அமர்ந்து சமையல் கற்பது. கோதுமை மாவில் தேங்காய்த் துருவலும் உப்பும் சேர்த்துப் பிசைந்து, தடிப்பாகத் தட்டிக் கல்லில் சுட்டால் ரொட்டி. செத்தல் மிளகாயும் வெங்காயமும் தேங்காயும் அம்மியில் நசுங்கினால் சம்பல். “என்ன எளிமை!” என்று வியக்கின்றனர் விருந்தினர்.

எளிமையா? யார் விரும்பி ஏற்ற எளிமை? விடியலில் பெரட்டுக்கு ஓடும் பெண்ணுக்குக் கறியாக்க நேரமேது? மலையேறிக் கொழுந்து பறிக்கும் உடல் நண்பகல்வரை பசி தாங்க வேண்டும். ஆகவே ரொட்டி தடித்தது. கோதுமையோ இம்மண்ணில் விளைவதில்லை. கூலி கொடுத்து வாங்குவது. 1948இல் குடியுரிமை பறிக்கப்பட்ட மக்களின் உணவு அது. 1973–74இல் அந்த மாவும் அருகியபோது தோட்டங்களில் பட்டினிச் சாவுகள் மலிந்தன. 2015இல் எழுந்த ஆயிரம் ரூபா நாட்கூலிக் கோரிக்கை 2021இல்தான் வர்த்தமானியில் ஏறிற்று. மறு ஆண்டின் நெருக்கடியில் மாவின் விலை அதையும் விழுங்கிற்று.

விருந்தினர்மேல் நமக்குப் பகையில்லை. பிறர் உணவை அறிய விழைவது நற்பண்பே. செய்முறையை விற்று வரலாற்றை மறைக்கும் வியாபாரத்தோடுதான் நம் வழக்கு. மா பிசையக் கற்பிக்கும் தாய் காட்சிப் பொருளல்லள், ஆசிரியை. கட்டணத்தில் உரிய பங்கு அவள் கையில் சேரட்டும். ரொட்டி ஏன் தடித்தது என்பதையும் அவளே சொல்லட்டும்.

ஆசிரிய நண்பர்களே, அந்தப் பாடத்தை நம் வகுப்பறைகளில் நாம் எப்போது தொடங்கப் போகிறோம்?