ஓலை நீட்டும் தூதன்

தமிழாசிரியர் ஒருவர் கணினிவழிச் செய்திப் போக்குவரத்தைப் பற்றி எழுதப் புகுவது எற்றுக்கு என அன்பர் சிலர் வினவுதல் கூடும். ஆயினும் தூது என்பது தமிழுக்குப் புதிய பொருளன்று. திருக்குறளில் அதற்கெனத் தனி அதிகாரமே உண்டு. அதற்கு உரை வகுத்த பரிமேலழகர், இடமறிந்து தானே வகுத்துரைக்கும் தூதன், சொல்லியதை மட்டும் சொல்லும் தூதன், ஓலையை நீட்டிவிட்டு வாளா நிற்கும் தூதன் என மூவகையினரைச் சுட்டுகின்றார். இவருள் ஓலை நீட்டுபவனே கடைப்பட்டவன். அரசவைக்கு அத்தீர்ப்புப் பொருந்தும். ஆனால் இற்றைநாள் உலகத்தை இணைத்து நிற்கும் இணையம் அக்கடைப்பட்ட தூதனின் தோள்மீதே நிற்கின்றது. அவனை இழிவாக எண்ணி, எல்லாம் அறிந்த தலைத்தூதன் ஒருவனிடமே நம் செய்திகள் யாவற்றையும் ஒப்படைத்து வருகின்றோம். அது தக்கதோ என்பதே ஈண்டு யாம் ஆராயக் கருதியது.

ஒன்றையொன்று முன்பின் அறியாத இரு பொறிகள் செய்தி பரிமாற வேண்டின், யார் முதலிற் பேசுவது, கேட்டதைக் கேட்டதாக எங்ஙனம் அறிவிப்பது, எங்கே முடிப்பது என்பன முன்னரே வரையறுக்கப்பட்டிருத்தல் வேண்டும். அவ்வரையறையையே நெறிமுறை என்கின்றனர். விண்ரன் சேர்ப், றொபேட் கான் என்னும் அமெரிக்கர் இருவர் 1974ஆம் ஆண்டில் வெளியிட்ட கட்டுரையொன்றில் இணையத்தின் அடிப்படை நெறிமுறை உருப்பெற்றது. 1983ஆம் ஆண்டு தை மாதம் முதலாந் திகதி, ஆர்ப்பாநெற் என்ற அக்கால வலையமைப்பு பழைய நெறியைக் கைவிட்டு இந்நெறிக்கு மாறியது.

இதன் அடித்தளத்தில் இருப்பது ஐ.பி. என்னும் நெறி. அதுவே எமது ஓலை நீட்டும் தூதன். செய்தியைச் சிறு சிறு பொதிகளாகப் பகுத்து, முகவரி பார்த்து, அடுத்த சந்தியிற் சேர்ப்பிப்பதன்றி அதற்கு வேறு கடமை இல்லை. பொதி வழியிற் காணாமற் போகலாம், முன்னது பின்னாகலாம், ஒன்றே இருமுறை வந்து சேரலாம். ஐ.பி. எதற்கும் உறுதி கூறுவதில்லை. உள்ளே இருப்பது காதற் கடிதமோ கணக்குப் பாடமோ என்று அது கேட்பதுமில்லை.

அதன்மேல் அமர்ந்திருப்பன ரி.சி.பி., யு.டி.பி. என்னும் இரு நெறிகள். இவற்றின் வேறுபாட்டை மாணவர்க்கு உணர்த்த யாம் வகுப்பறையையே துணைக்கொள்வதுண்டு. ஆசிரியர் இடாப்பை விரித்துப் பெயர் அழைக்கின்றார். ஒவ்வொரு பெயருக்கும் 'உள்ளேன் ஐயா' என்ற விடை வருதல் வேண்டும். விடை வராதவிடத்து அப்பெயரை மீண்டும் அழைப்பார். ரி.சி.பி. அத்தகையது. பொதிகளுக்கு இலக்கமிட்டு, பெற்றுக்கொண்டமைக்கு ஒப்புதல் பெற்று, தவறியவற்றைத் திரும்ப அனுப்பி, ஒழுங்கு பிறழாமற் சேர்ப்பிக்கும். காலைக் கூட்டத்தில் அதிபர் விடுக்கும் அறிவித்தலோ ஒருமுறை மட்டும் கூறப்படும். பிந்தி வந்தவனுக்காக அவர் மீண்டும் கூறார். யு.டி.பி. அத்தகையது. எனின் பின்னதால் யாது பயன்? தொலைபேசி உரையாடலில் ஓர் அசை தவறினால் கேட்பவர் பொருளை உய்த்துணர்ந்து கொள்வர். தவறிய அசையை மூன்று நொடி கழித்துக் கொணர்ந்து நடுவே செருகினால் உரையாடலே குழம்பிவிடும். ஆதலின் குரலுக்கும் நேரலைக் காட்சிக்கும் பெரும்பாலும் அவ்விரைந்த நெறியே உகந்தது. செவ்விது எது, இழிந்தது எது என்பது இடம்நோக்கியே தீர்மானிக்கப்படும். புணர்ச்சி விதியைக் கண்மூடி எங்கும் பொருத்தும் மாணவர்க்கு யாம் ஓயாது கூறிவருவதும் இதுவே.

இனி, மனிதர் மனிதர்க்கு எழுதும் செய்திக்கு வருவோம். 1982ஆம் ஆண்டில் ஜோன் பொஸ்ரல் வகுத்த மின்னஞ்சல் நெறியை நோக்குக. அனுப்பும் பொறி முதலில் 'ஹெலோ' என்று வணக்கங் கூறித் தன்னை அறிமுகஞ் செய்யும். பின்னர் இன்னார் அனுப்பியது, இன்னாருக்கு உரியது என்று கூறி, மறுபக்கத்தின் இசைவைப் பெற்ற பின்னரே செய்தியைக் கையளித்து விடைபெறும். கடிதம் வரையும் முறையை ஆறாம் வகுப்பிற் கற்பிக்கும் எமக்கு இவ்வொழுங்கு மிக உவப்பானது. பெறுவோர் பொறி உறங்கிக் கிடந்தால் அனுப்பும் பொறி சினங்கொள்வதில்லை. நான்கைந்து நாள் வரை விட்டுவிட்டு முயலும். ஒருவர் எந்த நிறுவனத்திற் கணக்கு வைத்திருப்பினும், தாமே சொந்தப் பொறி நிறுவியிருப்பினும், மற்றெவருக்கும் எழுதலாம். 1874ஆம் ஆண்டில் பேர்ன் நகரில் உலக நாடுகள் கூடி அஞ்சல் ஒன்றியம் அமைத்தமையால் ஒரு நாட்டு முத்திரை ஒட்டிய கடிதத்தை மறுநாட்டுத் தபாற்காரர் தயங்காது கொண்டுசென்று கொடுத்தாரன்றோ? மின்னஞ்சல் அவ்வொன்றியத்தின் வழித்தோன்றல் என்றே யாம் கொள்வோம்.

குறுஞ்செய்தியைப் பற்றித் தமிழர் என்ற முறையில் ஒரு முறைப்பாடு உண்டு. ஒரு குறுஞ்செய்திக்கு 140 எண்மி இடமே உரியது. ஆங்கில எழுத்தாயின் 160 கொள்ளும். தமிழாயின் 70 குறிகளே கொள்ளும். அக்குறிகளும் நம் எழுத்துக்களல்ல. 'யாழ்ப்பாணம்' என்ற சொல்லில் இலக்கணப்படி எழுத்து ஆறு. கைத்தொலைபேசிக்கோ அது பதினொரு குறி. மெய்யே முதல், உயிர் ஏறியபின் உயிர்மெய் என்று நாம் கற்பிக்க, குறிமுறை வகுத்தோர் அகரமேறிய மெய்யை முதலாக வைத்துப் புள்ளியைத் தனிக் குறியாக்கிவிட்டனர். ஆயினும் தமிழுக்கு ஒரே குறிமுறை கிடைத்ததையிட்டு நன்றியுடையோம். பாமினி எழுத்துருவில் தட்டெழுதி அனுப்பிய கட்டுரை, அவ்வெழுத்துரு இல்லாத கணினியில் பொருளற்ற ஆங்கில எழுத்துக் குவியலாய்க் கிடந்த காலத்தை மூத்த பழைய மாணவர் மறந்திரார்.

இப்போது தலைத்தூதனிடம் வருவோம். இந்நாட்டில் இன்று 'செய்தி அனுப்பு' என்றால் வட்ஸ்அப்பில் அனுப்பு என்பதே பொருளாகிவிட்டது. 2009ஆம் ஆண்டில் தோன்றி 2014இல் பேஸ்புக் நிறுவனத்தால் வாங்கப்பட்ட அச்சேவை, தொடக்கத்தில் எக்ஸ்.எம்.பி.பி. என்னும் திறந்த நெறியையே தழுவி அமைந்தது. அந்நெறி 1999இல் ஜெரமி மில்லர் என்பார் வெளியிட்ட ஜபர் என்ற ஆக்கத்திலிருந்து கிளைத்தது. மின்னஞ்சல் போன்றே எவரும் எவருடனும் உடனுக்குடன் உரையாட வழிசெய்வது. கூகிள் நிறுவனமும் 2005இல் இந்நெறியிலேயே தன் உரையாடற் சேவையைத் தொடங்கி, மறு ஆண்டு ஏனையோர் பொறிகளுக்கும் கதவு திறந்தது. 2013இல் அதற்குப் பதிலாகக் கொணர்ந்த புதிய சேவையில் அக்கதவை அடைத்துவிட்டது. வட்ஸ்அப்போ நெடுங்காலம் தன் கதவைத் திறக்கவேயில்லை எனலாம். பொதுக் கிணற்றில் நீர் மொண்டு சொந்தத் தொட்டியை நிரப்பி, தொட்டியைச் சுற்றி மதில் எழுப்பியமைக்கு இது ஒப்பாகும். ஐரோப்பிய ஒன்றியம் 2022இல் இயற்றிய டிஜிட்டல் சந்தைச் சட்டம், இத்தகைய பெருஞ் சேவைகள் கேட்டுவரும் பிற சேவைகளோடு இணைந்து செய்தி பரிமாற வேண்டுமென விதித்தது. மதிலில் வாயில் வைக்கச் சட்டமே வேண்டியிருந்தது.

எதிர்வாதம் இல்லாமலில்லை. வட்ஸ்அப் 2016ஆம் ஆண்டுமுதல் சிக்னல் நெறிமுறையைக் கைக்கொண்டு, அனுப்புவோரும் பெறுவோருமன்றி இடையிலுள்ளார் எவரும் செய்தியைப் படிக்கவொண்ணாதவாறு பூட்டியே அனுப்புகின்றது. மின்னஞ்சலில் அப்பூட்டு இயல்பாக அமைந்ததில்லை. வழியிலுள்ள அஞ்சற் பொறியை நடத்துவோர் விரும்பின் படிக்கலாம். குப்பை அஞ்சலின் தொல்லையும் பெரிது. முதிய பெற்றோர்க்கு மின்னஞ்சலின் கடவுச்சொல்லை நினைவிற் கொள்வதினும் கைத்தொலைபேசியில் ஒரு பச்சைக் குறியைத் தொடுதல் எளிது. இவை உண்மை. வெளிநாட்டிலுள்ள பேரனின் முகத்தைப் பாட்டியார் நாடோறும் காண்பது அச்சேவையால் என்றால் யாம் அதனைப் பழித்தல் அடாது. குடும்பப் பேச்சுக்கு அது நன்று.

ஆனால் ஒரு பொது நிறுவனத்தின் அறிவித்தல்களுக்கு? இவ்விடத்திலேதான் எமது கருத்து வேறுபடுகின்றது. 2018 பங்குனியில் கண்டி மாவட்டக் கலவரத்தின்போதும், 2019 சித்திரையில் உயிர்த்த ஞாயிறு குண்டுவெடிப்புக்களின் பின்னரும், 2022 சித்திரை 3ஆந் திகதியும் இந்நாட்டில் வட்ஸ்அப் உள்ளிட்ட சேவைகள் அரசாங்கத்தால் தடைசெய்யப்பட்டன. மின்னஞ்சல் அத்தடையுள் அடங்கவில்லை. 2021 ஐப்பசி 4ஆந் திகதி தடை எதுவுமின்றியே, அந்நிறுவனம் தன் வலையமைப்பிற் செய்த பராமரிப்பு வேலையின்போது விடுத்த பிழையான ஒரு கட்டளையால், உலகெங்கும் ஏறத்தாழ ஆறு மணிநேரம் அச்சேவை நின்றுபோயிற்று. ஒரு நிறுவனத்தின் மின்னஞ்சற் பொறி நின்றால் அந்நிறுவனத்தாரே இடருறுவர். ஏனையோர் கடிதம் ஓடிக்கொண்டிருக்கும். ஒரே தூதன் உலகுக்கெல்லாம் தூதுரைக்கின், அவன் மயங்கி விழுமிடத்து உலகமே வாயடைத்து நிற்கும்.

2020இல் பாடசாலைகள் மூடப்பட்டபோது பாடக் குறிப்புக்கள் இச்சேவைகளின் வழியே அனுப்பப்பட்டதை அறிவோம். வேறு வழி அப்போது இல்லை; அதனைக் குறைகூறுவார் எவருமிலர். ஆயின் பாடசாலை திறந்த பின்னரும் அப்பழக்கம் நிலைத்துவிட்டது. வீட்டில் ஒரேயொரு கைத்தொலைபேசி. அதனைத் தந்தையார் விடியற்காலையிலேயே வேலைக்குக் கொண்டுசெல்கின்றார். இரவு எட்டு மணிக்குத் திரும்பி வருமளவில் 'நாளை வரைபடத்தாள் கொண்டுவருக' என்ற அறிவித்தல் நூறு காலை வணக்கப் படங்களின் அடியிற் புதையுண்டு கிடக்கின்றது. மறுநாள் வகுப்பில் எழுந்து நிற்பவன் அவர் மகன். எந்த நெறிமுறையை ஒரு பள்ளி தேர்ந்துகொள்கின்றது என்பது பொறியியலாளர் மட்டும் தீர்க்கும் நுணுக்கமன்று என்பதற்கு அம்மாணவனே சான்று. ரி.சி.பி. நெறி, விடை வராதவிடத்து மீண்டும் அழைக்கின்றது. ஆசிரியராகிய நாமோ 'குழுவிற் போட்டாயிற்று' என்று கைகழுவிவிடுகின்றோம்.

பழைய மாணவர் சங்கங்களின் நிலையும் சிறந்ததன்று. கொழும்பில் ஒரு குழு, இலண்டனில் ஒரு குழு, ரொரன்ரோவில் இரண்டு குழு, ஆண்டு அணிக்கு ஒரு குழு. எந்தத் தீர்மானம் எக்குழுவில் எடுக்கப்பட்டது என்பதை அறிவார் இல்லை. செயலாளர் கைத்தொலைபேசி மாற்றியதும், முறையாகப் பிரதி எடுத்து வைக்காவிடின், ஓராண்டுக் கடிதப் போக்குவரத்து மறைந்துபோகின்றது. எழுபது ஆண்டுக்கு முந்திய சங்கக் கடிதங்கள் கோவையிற் கட்டுண்டு இன்றும் படிக்கக் கிடப்பதை எண்ணிப் பார்க்கின்றோம்.

ஆகவே இவ்விழா ஆண்டிலே கல்லூரிக்கும் சங்கத்துக்கும் யாம் முன்வைக்கும் வேண்டுகோள் சிறியது. கல்லூரியின் சொந்தப் பெயரில் ஓர் இணைய முகவரி பெறுக. '.இலங்கை' என்று தமிழிலேயே முடியும் முகவரிகள் 2010இல் அங்கீகரிக்கப்பட்டுவிட்டன. தமிழெழுத்தில் அஞ்சல் முகவரி வைத்துக்கொள்வதற்குரிய நெறியும் 2012இல் வகுக்கப்பட்டது. ஆயினும் எல்லா அஞ்சற் பொறிகளும் அதனை ஏற்பதில்லையாதலின் இப்போதைக்கு ஆங்கில எழுத்தில் ஒன்றும் உடன் இருக்கட்டும். இன்று பெரும்பாலோரின் மின்னஞ்சலும் ஓரிரு பெருநிறுவனங்களிடமே இருக்கின்றதே என்பார்க்கு யாம் கூறுவது: முகவரி நமதாயின், இவ்வாண்டு ஒரு நிறுவனத்திடம் வைத்த அஞ்சற்பெட்டியை மறு ஆண்டு மற்றொன்றுக்கு மாற்றலாம்; எழுதுவோருக்கு அது தெரியவேண்டியதுகூட இல்லை. வட்ஸ்அப் குழுவை அங்ஙனம் பெயர்த்தெடுத்துச் செல்ல இயலாது.

அறிவித்தல் யாவும் முதலில் அம்முகவரியிலிருந்து செல்லட்டும். கல்லூரி அறிவித்தற் பலகையில் அதே நாளில் ஒட்டப்படட்டும். வகுப்பில் ஆசிரியர் வாயாற் கூறிக் குறிப்பேட்டில் எழுதுவிக்கட்டும். அதன் பின்னர் எந்தக் குழுவிலும் எவரும் பகிர்ந்துகொள்ளலாம், தடையில்லை. கணினித் துறையிற் பணிபுரியும் பழைய மாணவர் உலகெங்கும் உளர். ஓரிரு மாலைப்பொழுதை ஈந்தால் இது நிறைவேறும். ஆண்டுக் கட்டணமும் விளையாட்டுப் போட்டிக்குச் செய்யும் பந்தற் செலவுடன் ஒப்பிடின் சிறு தொகையே.

ஒன்றை மட்டும் வற்புறுத்துவோம். முகவரி தனியொருவர் பெயரிலன்றிக் கல்லூரியின் பெயரிற் பதியப்படல் வேண்டும். அதன் கடவுச்சொல், கூட்டறிக்கைப் புத்தகமும் வங்கிப் புத்தகமும் போல, ஆண்டுப் பொதுக்கூட்டத்தில் பழைய செயலாளரால் புதிய செயலாளரிடம் முத்திரையிட்ட உறையிற் கையளிக்கப்பட்டு, கையளித்தமை அறிக்கையிற் குறிக்கப்படல் வேண்டும்.