51 வயதில் ஓரங்கட்டப்பட்ட மேனேஜர்... ஜப்பான் கால்பந்தையே மாற்றிய கதை!

அப்ரைசல் மாதம் வந்துவிட்டால் ஆபீஸ் கேன்டீனில் பேச்சே வேறு மாதிரி இருக்கும். யாருக்கு புரமோஷன், யாருக்கு டிரான்ஸ்ஃபர், அவர் முகம் ஏன் இப்படி வாடிக்கிடக்கிறது... இந்த வாரம் நாம் பார்க்கப்போகிறவரின் வாழ்க்கையும் ஒரு டிரான்ஸ்ஃபர் ஆர்டரில்தான் திசை மாறியது.

வருடம் 1988. ஜப்பானின் ஃபுருகவா எலெக்ட்ரிக் என்ற பெரிய கேபிள் கம்பெனி. அதன் நகோயா கிளையில் விற்பனைப் பிரிவு மேலாளராக இருந்தார் சபுரோ கவாபுச்சி. வயது 51. பதவி உயர்வை எதிர்பார்த்துக் காத்திருந்தவரின் கைக்கு வந்தது, துணை நிறுவனம் ஒன்றுக்கு மாற்றல் உத்தரவு. ஒரே கம்பெனியில் சேர்ந்து அங்கேயே ஓய்வு பெறுவதுதான் அன்றைய ஜப்பான் வழக்கம். அந்த வயதில் துணை நிறுவனத்துக்கு அனுப்புகிறார்கள் என்றால், 'உங்களுக்கு இனி மேலே படிக்கட்டு இல்லை' என்பதை மரியாதையாகச் சொல்கிறார்கள் என்று அர்த்தம்.

மனிதர் நொறுங்கித்தான் போனார். ஆனால், அவரிடம் இன்னொரு வாழ்க்கை மிச்சம் இருந்தது. கால்பந்து!

கவாபுச்சி சும்மா ஆபீஸ் டீமில் பந்து உதைத்தவர் இல்லை. 1964 டோக்கியோ ஒலிம்பிக்கில் அர்ஜென்டினாவுக்கு எதிரான போட்டியில், 1-2 எனப் பின்தங்கியிருந்த ஜப்பானுக்கு 81-வது நிமிடத்தில் சமன் செய்யும் கோலை அடித்தவர். அடுத்த நிமிடமே இன்னொரு கோல். ஜப்பான் 3-2 என ஜெயித்தது. அதற்கும் முன்பு, 1960-ல் ஜப்பான் அணியுடன் பயிற்சிக்காக ஜெர்மனியின் டூயிஸ்பர்க் நகரத்துக்குப் போயிருந்தார். அங்கிருந்த விளையாட்டுப் பள்ளியில் கண்ணுக்கு எட்டிய தூரம் வரை பச்சைப் புல் மைதானங்கள்! ஜப்பானில் அப்போது பெரும்பாலும் மண் தரையில்தான் ஆட்டம். கீழே விழுந்தால் முட்டி பெயர்ந்துவிடும். அந்தப் பச்சை அவர் மனதைவிட்டுப் போகவே இல்லை.

அன்றைய ஜப்பான் கால்பந்தின் நிலைமையையும் சொல்லியாக வேண்டும். அணிகள் எல்லாம் கம்பெனிகளுக்குச் சொந்தம். பெயரே ஃபுருகவா, மிட்சுபிஷி, நிசான், மஸ்தா என்றுதான் இருக்கும். ஆட்டக்காரர்கள் அந்தந்தக் கம்பெனியின் ஊழியர்கள். கேலரி காலியாகக் கிடக்கும். 1968-ல் மெக்ஸிகோ ஒலிம்பிக்கில் வெண்கலம் வாங்கிய நாடு, அதன் பிறகு 1996 வரை ஒலிம்பிக் கால்பந்துக்குத் தகுதிகூடப் பெறவில்லை. உலகக் கோப்பையா? அது டி.வி-யில் பார்க்கிற விஷயம்.

அந்த 1988-லேயே, இந்தக் கம்பெனி அணிகள் ஆடிய லீகின் நிர்வாகப் பொறுப்புக்கு வந்தார் கவாபுச்சி. தொழில்முறை லீக் வேண்டும் என்ற பேச்சு அப்போதே ஓடிக்கொண்டிருந்தது. சங்கத்தில் இருந்த பெரியவர்கள் சிலர் 'இப்போது நேரம் சரியில்லை' என்றார்கள். சிலர் 'முன்னுதாரணம் இல்லையே' என்றார்கள். நேரம் சரியில்லை என்பவர்கள் நூறு வருடம் கழித்தும் அதையேதான் சொல்வார்கள் என்பது அவர்களுக்குக் கிடைத்த பதில். (நம் குடும்பக் கூட்டங்களிலும் இப்படி ஒரு பெரியப்பா கண்டிப்பாக இருப்பார்!) 1991-ல் ஜே லீக் அமைப்பு உருவானது. அதன் முதல் தலைவர், நம் முன்னாள் விற்பனை மேலாளர்.

கம்பெனி பெயருக்கு 'நோ'

தலைவரானதும் அவர் பிடித்த பிடிவாதம்தான் இந்தக் கதையின் உயிர். அணியின் பெயரில் கம்பெனி பெயர் இருக்கக் கூடாது. ஊர் பெயர்தான் இருக்க வேண்டும். காசு போடுவது கம்பெனி, பெயர் ஊருக்கா என்று முதலாளிகள் கொதித்தார்கள். ஆனால், மாறினார்கள். மிட்சுபிஷி அணி உராவா ரெட்ஸ் ஆனது. மஸ்தா அணி ஹிரோஷிமாவின் பெயரை எடுத்துக்கொண்டது. டொயோட்டா அணி நகோயாவின் பெயரைச் சூடியது. கவாபுச்சி 30 வருடங்களாகச் சம்பளம் வாங்கிய ஃபுருகவாவின் அணிக்கும் விலக்கு கிடையாது. அது ஜெஃப் யுனைடெட் இச்சிஹாரா ஆனது.

மறுத்தவர், பத்திரிகை சாம்ராஜ்யமான யோமியுரியின் தலைவர் ட்சுனேயோ வதனபே. நாட்டின் பெரிய நாளிதழ், புகழ்பெற்ற பேஸ்பால் அணி எல்லாம் அவர் கையில். அவர்கள் அணியின் அதிகாரபூர்வப் பெயர் வெர்டி கவாசாகி. ஆனால், சொந்தப் பத்திரிகையிலும் டி.வி-யிலும் 'யோமியுரி வெர்டி' என்றே சொல்லிவந்தார்கள். இவர் கூடாது என்றார், அவர் இவரை சர்வாதிகாரி என்றார். மீடியா முதலாளியை விளையாட்டு நிர்வாகி ஒருவர் பகைத்துக்கொள்வது எவ்வளவு பெரிய ரிஸ்க் என்பதை, டிஜிட்டல் டெஸ்க்கில் உட்கார்ந்து இதை டைப் செய்கிற நான் சொல்லித் தெரிய வேண்டியதில்லை. வேடிக்கை என்னவென்றால், அந்தச் சண்டையால்தான் ஜே லீகின் கொள்கை நாடு முழுக்கத் தெரிந்தது என்று பிற்பாடு வதனபேவுக்கு நன்றி சொன்னார் கவாபுச்சி. 1998-ல் யோமியுரி அந்த அணியைவிட்டே விலகிக்கொண்டது.

இன்னொரு கதை கஷிமா. கடற்கரையோரம் உள்ள ஒரு சின்னத் தொழிற்சாலை ஊர். சுமிடோமோ மெட்டல் கம்பெனியின் அணி அப்போது இரண்டாம் டிவிஷனில் ஆடிக்கொண்டிருந்தது. 'எங்களையும் சேருங்கள்' என்று வந்தவர்களிடம், உங்களுக்கு வாய்ப்பு இல்லை என்பது 99.9999 சதவிகிதம் உறுதி என்றார் கவாபுச்சி. 15,000 பேர் உட்காரும், கூரை போட்ட, கால்பந்துக்கு மட்டுமேயான ஸ்டேடியம் கட்டினால் பார்க்கலாம் என்றார். தட்டிக்கழிக்கத்தான் அப்படிச் சொன்னார். அவர்கள் கட்டிவிட்டார்கள்!

1991-ல் பிரேசில் ஜாம்பவான் ஜிகோவையும் அந்த ஊருக்குக் கூட்டிவந்தார்கள். ஐ.எஸ்.எல் ரசிகர்களுக்கு எஃப்.சி கோவாவின் கோச்சாகத் தெரியுமே, அதே ஜிகோதான். 1993 மே 15-ம் தேதி டோக்கியோ தேசிய ஸ்டேடியத்தில் சுமார் 60,000 பேர் முன்னிலையில் ஜே லீக் தொடங்கியது. மறுநாள் கஷிமாவின் முதல் ஆட்டம். நகோயாவை 5-0 என நொறுக்கினார்கள். அதில் ஜிகோ அடித்தது ஹாட்ரிக். கஷிமா இன்றைக்கு அந்த லீகில் அதிகப் பட்டங்கள் வென்ற அணி.

10 அணிகளோடு ஆரம்பித்த ஜே லீகில் இப்போது மூன்று டிவிஷன்களிலுமாக 60 அணிகள். 1998-ல் முதல் முறையாக உலகக் கோப்பைக்குப் போன ஜப்பான், அதற்குப் பிறகு ஒன்றைக்கூடத் தவறவிடவில்லை.

எல்லாம் சுபம் இல்லை

1998-ல் யோகோஹாமா ஃப்ளூகல்ஸ் அணிக்குப் பணம் போட்ட இரண்டு கம்பெனிகளில் ஒன்று விலகியது. மற்றொன்றான ஆல் நிப்பான் ஏர்வேஸும் சுமையைத் தாங்க முடியாமல், அதே ஊரின் மரினோஸ் அணியோடு ஃப்ளூகல்ஸை இணைக்க ஒப்புக்கொண்டது. ரசிகர்கள் தெருவில் நின்று கையெழுத்து வாங்கினார்கள். லீக் நிர்வாகம் அசையவில்லை. தங்கள் அணி சாகப்போகிறது என்று தெரிந்தே ஆடிய வீரர்கள், 1999 ஜனவரி 1-ம் தேதி எம்பரர் கோப்பையை வென்றுவிட்டு, அதோடு கலைந்துபோனார்கள். பெயர்ப்பலகையில் ஊர் இருந்தாலும் பர்ஸ் கம்பெனியிடம் இருந்தால் என்ன நடக்கும் என்பதை ஜப்பான் அன்றைக்குப் பார்த்தது. கவாபுச்சியின் பெயரில் நான் போடும் பெரிய மைனஸ் இதுதான். கைவிடப்பட்ட அந்த ரசிகர்கள் சும்மா இருக்கவில்லை. யோகோஹாமா எஃப்.சி என்று சொந்தமாக ஓர் அணியையே தொடங்கினார்கள். அந்த அணி முதல் டிவிஷன் வரைக்கும் வந்து ஆடியது.

2002 முதல் 2008 வரை ஜப்பான் கால்பந்துச் சங்கத்தின் தலைவராக இருந்துவிட்டு ஒதுங்கியவரை, 78 வயதில் மறுபடி கூப்பிட்டார்கள். இந்த முறை கூடைப்பந்து. ஒரே நாட்டில் இரண்டு லீக், இரண்டுக்கும் நடுவே தீராத பகை. 2014 நவம்பரில் சர்வதேசச் சம்மேளனம் ஜப்பானையே சஸ்பெண்ட் செய்துவிட்டது. எல்லோரையும்விட தவித்தது பெண்கள் அணிதான். 2015-ல் ரியோ ஒலிம்பிக்குக்கான தகுதிப் போட்டி இருந்தது. தங்களுக்குச் சம்பந்தமே இல்லாத பஞ்சாயத்தால் அந்த வாய்ப்பு பறிபோக இருந்தது.

கவாபுச்சி வந்தார். பல வருடங்களாக இழுத்த விவகாரத்தை அரை வருடத்துக்குள் முடித்தார். இரண்டு லீகையும் ஒன்றாக்கினார். முதல் டிவிஷன் வேண்டுமென்றால் 5,000 பேர் உட்காரும் அரங்கம் வேண்டும் என்று கஷிமா ஃபார்முலாவையே இங்கேயும் போட்டார். தடை நீங்கியது. பெண்கள் அணி அந்த வருடமே ஆசிய சாம்பியனாகி ரியோவுக்குப் போனது. 2016 செப்டம்பரில் பி லீக் தொடங்கியது.

2021 பிப்ரவரியில்தான் ஒரு சறுக்கல். பெண்கள் பற்றிய பேச்சால் டோக்கியோ ஒலிம்பிக் அமைப்புக்குழுத் தலைவர் யோஷிரோ மோரி பதவி விலக நேர்ந்தது. தனக்குப் பதிலாக கவாபுச்சியை உட்காரவைக்க அவரே ஏற்பாடு செய்தார். இவரும் சரி என்றார். வயது 84. விலகுகிறவரே வாரிசைக் கைகாட்டுவதா என்று மக்கள் கேட்டார்கள். நியாயமான கேள்விதானே? ஒரே நாளில் பின்வாங்கினார் கவாபுச்சி. தலைவர் பதவி முன்னாள் ஒலிம்பிக் வீராங்கனை செய்கோ ஹஷிமோட்டோவுக்குப் போனது.

அந்த ஒலிம்பிக்கில் கவாபுச்சிக்கு இருந்த வேலை, வீரர்கள் தங்கும் ஒலிம்பிக் கிராமத்தின் 'மேயர்' பொறுப்பு. போட்டிகளின் கடைசி நாளில் ஜப்பான் பெண்கள் கூடைப்பந்து அணி இறுதிப்போட்டியில் அமெரிக்காவிடம் தோற்று, வெள்ளிப் பதக்கத்தோடு கிராமத்துக்குத் திரும்பியது. ஜப்பான் கூடைப்பந்துக்குக் கிடைத்த முதல் ஒலிம்பிக் பதக்கம் அது.