எழுவாய் யார்?

‘மனிதனின் பேராசையால் உயிரினங்கள் அழிகின்றன.’ மாணவிகளின் விடைத்தாள்களில் ஆண்டுதோறும் இந்த வாக்கியத்தைப் பார்க்கிறேன். வழக்கமாக ‘மனிதன்’ என்பதை அடித்துவிட்டு ‘மனிதர்’ என்று திருத்துவேன், பெண்ணும் அதில் அடங்க வேண்டும் என்பதற்காக. இந்த வாக்கியத்தில் மட்டும் அப்படித் திருத்துவதை நிறுத்திவிட்டேன். சொத்தில் பங்கு தராதவர்கள் குற்றத்தில் மட்டும் நமக்குச் சமபங்கு தருகிறார்கள்.

மன்னார் வளைகுடாவைப் பாருங்கள். ராமேஸ்வரத்துக்கும் தூத்துக்குடிக்கும் இடையிலுள்ள 21 தீவுகள் 1986இல் கடல்சார் தேசியப் பூங்காவாக அறிவிக்கப்பட்டன. பிறகு கண்காணிப்பு இறுக இறுக, அங்கே தலைமுறைகளாகப் பாசி எடுத்துவந்த மீனவப் பெண்கள் அத்துமீறுபவர்கள் ஆனார்கள். விரல்களில் துணி சுற்றிக்கொண்டு, மூச்சடக்கி மூழ்கி, மரிக்கொழுந்துப் பாசியைக் கையால் பறிப்பவர்கள் அவர்கள். பவளப்பாறைகளைச் சிதைக்கிறார்கள் என்பது அவர்கள் மீதான குற்றச்சாட்டு.

அதே பாறைகளைச் சுண்ணாம்புக்கும் கட்டடத்துக்கும் ஆண்டுக்கணக்கில் வெட்டி ஏற்றியவர்கள் யார்? விலாங்குசல்லி, பூவரசன்பட்டி என்ற இரண்டு தீவுகள் இன்று நீருக்கடியில் கிடக்கின்றன. கடலடியை வழித்தெடுக்கும் இழுவைமடிப் படகுகளுக்கு மானியம் கொடுத்தது யார்? பிலிப்பைன்ஸ் கடலுக்குரிய கப்பாஃபைகஸ் பாசியை இங்கே கொண்டுவந்தவர்கள் யார்? மகளிர் சுயஉதவிக் குழுக்களுக்கு வாழ்வாதாரம் என்று சொல்லித்தான் அதைப் பரப்பினார்கள். குருசடைத் தீவில் உயிருள்ள பவளங்களின் மேல் அது போர்வையாகப் படர்ந்திருப்பதை 2008இல் ஆய்வாளர்கள் பதிவு செய்தார்கள். லாபம் போன இடம் வேறு. பெயர் மட்டும் பெண்களுடையது.

பாசி எடுக்கும் பெண்களோ, மாதத்துக்கு 12 நாட்கள் மட்டுமே கடலில் இறங்குவது என்று தாங்களே கட்டுப்பாடு வைத்துக்கொண்டார்கள். அவர்களில் ஒருவரான லட்சுமிக்கு 2015இல் ‘சீகாலஜி’ என்ற பன்னாட்டுச் சூழலியல் விருது கிடைத்தது. இதற்காக அவர்களைக் கடலன்னையின் மகள்கள் என்று போற்றவும் வேண்டாம். அந்தப் போற்றுதலும் பெண்ணின் உழைப்பை மறைக்கிற திரைதான். பாறை செத்தால் பாசி இல்லை, பாசி இல்லையென்றால் உலை கொதிக்காது என்ற கணக்குத் தெரிந்த தொழிலாளர்கள் அவர்கள். கடலைக் காப்பது பற்றிய முடிவுகளை எடுக்கும் மேசையில் அவர்களுக்கு நாற்காலி வேண்டும். விருதும் வாழ்த்தும் அதற்கு ஈடாகாது.

‘அழிகின்றன’ என்பது தானாக நடப்பதைச் சொல்லும் வினை. ‘அழிக்கிறார்கள்’ என்று எழுதிப் பாருங்கள், யார் என்ற கேள்வி உடனே எழும். அந்த எழுவாயின் இடத்தில் ‘மனிதர்’ என்று போட்டு நிரப்பாதீர்கள். பெயர்களை எழுதுங்கள்.