வாசலை ஒளிக்கலாம், அழிக்கக் கூடாது

1994-இல் டிஎஸ்ஆர் என்ற அமெரிக்க நிறுவனம் 'பிளேன்ஸ்கேப்' என்ற பெயரில் ஓர் ஆட்டப் பெட்டியை வெளியிட்டது. மேசையைச் சுற்றி நாலைந்து பேர் உட்கார்ந்து, பகடை உருட்டி, வாயால் கதை சொல்லியே ஆடும் 'டன்ஜன்ஸ் அண்ட் டிராகன்ஸ்' ஆட்டத்துக்கான புதிய களம் அது. வடிவமைத்தவர் டேவிட் குக். அவர் படைத்த பல்லண்டத்தின் நடுவே வானளாவும் ஒரு கூர்முனைக் குன்று நிற்கிறது. அதன் உச்சிக்கு மேலே மிதப்பது சிகில் என்ற நகரம். பெரிய வளையம் ஒன்றின் உட்புறத்தில் கட்டிய ஊர் அது. அங்கே அண்ணாந்து பார்த்தால் வானம் தெரியாது; எதிர்ப்பக்கத்து வீடுகளின் கூரைகள்தான் தெரியும். எந்த நிலைப்படியும் எந்த வளைவும் வேறோர் உலகத்துக்கு வாசலாக இருக்கலாம். திறக்கச் சரியான திறவுகோல் வேண்டும். அது ஓர் எலும்புத் துண்டாக இருக்கலாம், முணுமுணுக்கும் ஒரு பாட்டாக இருக்கலாம், மனத்தில் ஓடும் ஒரு நினைப்பாகவும் இருக்கலாம்.

இந்த ஊரை ஆள்பவள் லேடி ஆஃப் பெயின். முகத்தைச் சுற்றிக் கத்திகள் விரிந்திருக்கும். ஒரு வார்த்தை பேசமாட்டாள். யாராவது தன்னைக் கும்பிட்டால்கூடப் பொறுக்கமாட்டாள். நகரத்தைக் கைப்பற்றத் திட்டம் போடுகிறவர்கள் எல்லாரையும் அவள் கொன்றுவிடுவதில்லை; சிலரைப் புதிர்வழிக்குள் தள்ளிவிடுவாள். சந்தில் நடந்துகொண்டிருப்பவன் அடுத்த அடி வைக்கும்போது, அவனுக்கென்றே உருவான ஒரு தனி உலகத்தில் நிற்பான். சுற்றிலும் கிளை பிரியும் பாதைகள், பார்த்த இடத்துக்கே திரும்பக் கொண்டுவரும் வளைவுகள். ஆண்டுக்கணக்கில் அலைய வேண்டியிருக்கலாம். ஆனால் அந்தப் புதிர்வழிகள் எல்லாவற்றுக்கும் ஒரு விதி உண்டு: எங்கோ ஓர் இடத்தில் வெளியேறும் வாசல் கட்டாயம் இருக்கும்.

பிளேன்ஸ்கேப்பின் விசித்திரங்களில் மிக உயர்ந்தது இந்த ஒற்றை விதிதான். வாசல் இல்லாவிட்டால் அது வெறும் சிறைக்கொட்டடி. சிறைக்குள் இருப்பவனுக்கு நாளை எண்ணுவதைத் தவிர வேலையில்லை. வாசல் உண்டு என்று தெரிந்தவனோ தேடுகிறான், தவறுகிறான், நினைவில் வைக்கிறான். சக்கரவியூகத்துக்குள் அபிமன்யு போன கதை நம்மை இன்றும் உலுக்குவதற்கும் காரணம், வெளியே வரும் வழி என்று ஒன்று இருந்தது, அவனுக்கு அது தெரியாமல் போனது என்பதுதான்.

நம் பூமியில் கட்டப்படும் புதிர்வழிகளுக்குக் கணிதம் காவல் நிற்கிறது. லண்டனை ஒட்டிய ஹாம்ப்டன் கோர்ட் அரண்மனைத் தோட்டத்தின் வேலிப் புதிருக்குள் போகிறவர், ஒரு கையை வேலியிலிருந்து எடுக்காமலே நடந்தால் வெளியே வந்துவிடலாம். நடுவில் தீவுபோலத் தனித்து நிற்கும் சுவர்கள் இருந்தால் இந்த உத்தி பலிக்காமல் போகலாம். அப்போதும் நடந்த பாதைகளில் குறி போட்டுக்கொண்டே போகும் ஒரு முறை உண்டு. அதை 19-ஆம் நூற்றாண்டில் டிரெமோ என்ற பிரெஞ்சுக்காரர் வகுத்தார். எல்லை உள்ள எந்தப் புதிர்வழியும் அதற்கு மசியும்.

மாய உலகத்தில் நிலைமை வேறு. போட்ட குறி அழிந்துபோகும். திரும்பிப் பார்த்தால் வந்த பாதை இருக்காது. கணிதம் கைவிட்ட அந்த இடத்தில், உள்ளே மாட்டிக்கொண்டவருக்கு மிச்சமிருப்பது அதைப் படைத்தவர் மீதான நம்பிக்கை ஒன்றே. ஆகவே கற்பனை எவ்வளவுக்கு எவ்வளவு கட்டறுந்து போகிறதோ, அவ்வளவுக்குப் படைப்பாளியின் பொறுப்பும் கூடுகிறது.

கணினி விளையாட்டின் தொடக்க காலத்திலேயே இதைச் சரியாகச் செய்தவர்கள் இருந்தார்கள். வில் கிரவுதர் குகைகளில் இறங்கி ஆராய்வதில் ஆர்வம் உள்ளவர். கென்டக்கியின் மாமத் குகையை அடிப்படையாக வைத்து 1976-இல் அவர் எழுதிய 'அட்வென்சர்' முழுக்க எழுத்தாலான விளையாட்டு. அதில் எல்லா அறைகளுக்கும் ஒரே வருணனை கொண்ட ஒரு பகுதி வரும். மலைத்துப்போன ஆட்டக்காரர்கள், கையிலிருந்த பொருள்களை அறைக்கு ஒன்றாகத் தரையில் போட்டு அடையாளம் வைத்து வரைபடம் தயாரித்தார்கள். அடுத்த ஆண்டு டான் வுட்ஸ் அதை விரிவாக்கியபோது இன்னொரு புதிர்வழியைச் சேர்த்தார். அங்கே அறைக்கு அறை வருணனையின் சொற்கள் சற்றே இடம் மாறியிருக்கும். பதறாமல் படிப்பவருக்குத் துப்பு அந்தச் சொற்களிலேயே கிடைத்தது.

டன்ஜன்ஸ் அண்ட் டிராகன்ஸில் எதிரியைப் புதிர்வழிக்குள் தள்ளும் மந்திரம் ஒன்றும் உண்டு. 2014-இல் வந்த ஐந்தாம் பதிப்பின்படி, மாட்டிக்கொண்டவர் இருபது முகப் பகடையை உருட்டி, புத்திக்கூர்மைக்கான மதிப்பையும் கூட்டி 20-ஐ எட்டினால் வெளியேறலாம். மந்திரம் நீடிப்பது அதிகபட்சம் பத்தே நிமிடம். மினோடார் என்ற மாட்டுத்தலை அரக்கனுக்கோ பகடை உருட்டும் வேலையே இல்லை. கிரேக்கப் புராணத்தில் புதிர்வழிக்குள் வாழ்ந்தவன் ஆயிற்றே! இப்படிப்பட்ட நேர்மைதான் விளையாட்டு விதிகளுக்கு அழகு.

1999-இல் பிளாக் ஐல் ஸ்டுடியோஸ் உருவாக்கிய 'பிளேன்ஸ்கேப்: டார்மென்ட்' என்ற கணினி விளையாட்டு இந்தப் புதிர்வழிக் கற்பனையை இன்னும் ஆழமாக்கியது. சாகவும் முடியாமல், தான் யாரென்ற நினைவும் இல்லாமல் விழிக்கிறான் நாயகன். அவனுக்கு வேண்டிய பதில் ரேவல் என்ற சூனியக்காரியிடம் இருக்கிறது. அவளோ, லேடி ஆஃப் பெயின் தள்ளிவிட்ட முட்புதர்ப் புதிர்வழிக்குள் கிடக்கிறாள். எல்லாரும் வெளியே வரத் துடிக்கும் இடத்துக்குள் நுழைய இவன் வழி தேடுகிறான். அவளுடைய இரத்த உறவின் துளி இரத்தம் நனைந்த கைக்குட்டைதான் திறவுகோல். சிறைக்கும் மனிதருக்கும் உள்ள பந்தத்தை ஒரு கைக்குட்டையில் வைத்த இந்த எழுத்து, எந்த நல்ல நாவலுக்கும் குறைந்ததல்ல.

புதிர்வழி படைக்கும் இந்தக் கலைக்கு இன்று இரண்டு பக்கமும் இடி. ஒருபக்கம், ஆட்டக்காரர்களை அடக்குவதற்காகவே வழியில்லாத பாதாளத்தில் தள்ளி வேடிக்கை பார்க்கும், மேசையில் கதையை நடத்தும் ஆட்டத் தலைவர்கள். அது கொடுமை, கற்பனை என்ற பெயர் அதற்குப் பொருந்தாது. மறுபக்கம், தொலையவே விடாத கணினி விளையாட்டுகள். 2002-இன் 'மாரோவிண்ட்', வழி கேட்டால் ஊர்க்காரர் சொல்லும் அடையாளங்களை நம்பித்தான் ஆட்டக்காரரை நடக்கவிட்டது. 2006-இல் அதே வரிசையில் வந்த 'ஒப்லிவியன்' திசைகாட்டியில் ஒரு குறியை வைத்து, போகவேண்டிய இடத்தைக் காட்டியது. அதன் பிறகு பெரிய விளையாட்டுகள் பலவும் அந்தத் தடத்தில் போயின. குறியைப் பார்த்து நடப்பவர் கண்ணில் மலையும் படாது, பாலமும் படாது.

ஆட்டக்காரர்களுக்குப் பொறுமை இல்லை என்று தயாரிப்பாளர்கள் சொல்வது எடுபடாது. 2022-இல் வந்த 'எல்டன் ரிங்' அடுத்து எங்கே போகவேண்டும் என்று பெரும்பாலும் சொல்வதே இல்லை. சுமார் ஓராண்டுக்குள் 2 கோடிப் பிரதிகள் விற்றது. திசைகாட்டிக் குறியை அணைத்துவிட்டு ஆடும் வசதியைக் கொடுத்தால் மட்டும் போதாது. அணைத்த பின்னும் வழி கண்டுபிடிக்கும்படி, ஊர்க்காரர் பேச்சிலும் சுவர்க் கீறலிலும் துப்புகளை எழுதி வைக்கும் ஆட்களுக்கு நிறுவனங்கள் சம்பளம் கொடுக்க வேண்டும்.